பிப்ரவரியில் கட்டிய சுவர்

அத்தியாயம் பதினொன்று

போன ஞாயிற்றுக்கிழமை மதியச் சாப்பாட்டின்போது எல்வியோ பெரின் கரண்டியால் கண்ணாடிக் கோப்பையைத் தட்டி, எழுந்து நின்று, பதினோரு நிமிடம் பேசியதை யாரும் மறந்திருக்க வாய்ப்பில்லை. மறந்தாலும் அவன் விடமாட்டான். பேச்சின் சாரம் இதுதான்: வாசல் சுவர் நடைபாதைப் பக்கம் சாய்ந்திருக்கிறது என்று நகராட்சி கடிதம் போட்டிருக்கிறது. போடட்டும். ஐம்பது வருடம் இந்த ஊருக்குச் செங்கல் வைத்த அப்பா செவெரினோ பெரின் கட்டிய சுவர் அது. அதற்குக் கீழே ஒன்றரை அடிக்குக் கான்கிரீட் அஸ்திவாரம் கிடக்கிறது. வேண்டுமானால் வந்து தோண்டிப் பார்த்துக்கொள்ளட்டும்.

வாயால் சொன்னதோடு நிறுத்தியிருக்கலாம். திங்கட்கிழமை அதையே தன் கட்டட நிறுவனத்தின் கடிதத் தாளில் எழுதி, கையெழுத்துக்குக் கீழே ‘நிர்வாக இயக்குநர்’ என்று போட்டு அனுப்பிவிட்டான். நகராட்சிக்காரர்களும் கூச்சப்படாமல், சரி, வியாழன் காலை ஒன்பது மணிக்கு வருகிறோம் என்று பதில் எழுதிவிட்டார்கள்.

வியாழன் காலை எட்டு மணிக்கே வெயில் சமையலறை மேசைவரை வந்திருந்தது. நிவெஸ் காப்பிக் கெண்டியை அடுப்பில் வைத்துவிட்டு ஜன்னல் வழியாக வாசலைப் பார்த்தாள். இருபத்தாறு வருடக் குடித்தனத்துக்குப் பிறகு, தன்னைத்தானே தேடிக் கண்டுபிடிக்கப் போவதாகச் சொல்லி அவள் கணவன் கிரஹாம் குவீன்ஸ்லாந்துக்குக் கிளம்பிப் போய் ஐந்து மாதமாகிறது. அன்றிலிருந்து அவள் பேன்ஹாமில் பிறந்த வீட்டில்தான் இருக்கிறாள். கிரஹாம் தன்னை இன்னும் கண்டுபிடிக்கவில்லை என்று கேள்வி. தேடுகிற பொருள் சிறியது.

வாசலில் அப்பா செவெரினோ இரும்பு நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். எண்பத்து மூன்று வயது. வலது கையில் காப்பி. இடது உள்ளங்கை சுவரின் தலைமேல். காலையில் ஒரு மணி நேரம் அப்படித்தான் இருப்பார். ஒன்றும் பேசமாட்டார். கறவை மாட்டின் முதுகில் கை வைத்துக்கொண்டு நிற்கிறவருக்கு அதனிடம் பேச என்ன இருக்கிறது.

பதினான்கு மீட்டர் நீளம், நெஞ்சு உயரம், பழைய சிவப்புச் செங்கல். அந்தச் செங்கற்களை இந்த வீட்டுக்குக் கொண்டுவந்தவன் டாரியோ. எல்வியோவுக்குத் தம்பி, நிவெஸுக்கு மூன்று வயது மூத்த அண்ணன். எங்கோ ஒரு பழைய ஜாம் தொழிற்சாலையை இடித்தபோது லாரி லாரியாக வாங்கிப் போட்டு, சனிக்கிழமைதோறும் ஒரு சுத்தியலை வைத்துக்கொண்டு ஒவ்வொரு கல்லிலும் ஒட்டியிருந்த சுண்ணாம்பைக் கொத்தி எடுத்தான். பின்னால் கார் நிறுத்த ஒரு கொட்டகை கட்டப்போவதாகச் சொன்னான். கார் கிடையாது. கொட்டகை முதலில், கார் தானாக வரும் என்பான். ஒரு பிப்ரவரியில், கழிவுநீர்க் குழாய்க்காகத் தோண்டிய ஆழமான குழியில் நின்று வேலை செய்தபோது இரண்டு பக்க மண்ணும் சரிந்து அவன்மேல் விழுந்தது. வயது இருபது. இது நடந்து முப்பத்தைந்து வருடம் ஆகிறது.

அடக்கம் முடிந்த மறுவாரம் செவெரினோ அந்தக் கற்களால் இந்தச் சுவரைக் கட்டினார். இதை டாரியோவின் சுவர் என்று வீட்டில் யாரும் சொல்வதில்லை. சொல்லித்தான் தெரியவேண்டும் என்றில்லை. சுவர் போனால் அந்த இரும்பு நாற்காலியில் அப்பாவும் ரொம்ப நாள் உட்கார்ந்திருக்கமாட்டார் என்று நிவெஸ் நினைத்தாள். அவளுக்கு இந்த வியாழக்கிழமையில் இருந்த கவலை அது ஒன்றுதான்.

அம்மா ஒத்தாவியா வாசலிலிருந்து உள்ளே வந்தாள். கை கழுவினாள்.

"எத்தனை விரல்?" என்றாள் நிவெஸ்.

"மூணரை. போன வருஷம் மூணு."

சுவரின் நடுவில் மேலிருந்து கீழாக ஒரு விரிசல். அதை விரலை நுழைத்து அளப்பது ஒத்தாவியாவின் வழக்கம். சுவருக்கு அடியில் இருப்பது ‘பிஸ்கே’ என்று இந்தப் பக்கத்தில் எல்லோரும் திட்டுகிற கரிசல் மண். மழைக்காலத்தில் மாவு மாதிரி உப்பும், கோடையில் சுருங்கி வாய் பிளக்கும். மேலே இருக்கிற சுவரும் கூடவே ஆடும். இங்கே கோடை தொடங்குகிற டிசம்பரில் ஒரு விரல், அது உச்சத்துக்குப் போகிற பிப்ரவரியில் மூன்று. ஆகஸ்டில் மழை பெய்து மண் உப்பிவிட்டால் விரிசல் மூடிக்கொள்ளும், சுவரும் பாதி நிமிர்ந்துவிடும். செவெரினோ ஒரு கரண்டி கலவையைப் பூசி வைப்பார். அடுத்த பிப்ரவரியில் அது உதிரும்.

"ஆகஸ்ட் வரைக்கும் தவணை கேட்டிருக்கலாம் மம்மா. வந்து பாத்துட்டு, ஒண்ணுமில்லையேன்னு போயிருப்பாங்க."

"உன் அண்ணன்கிட்ட சொல்லு. அவன் இயக்குநர். மாசமெல்லாம் அவனைக் கேட்டுத்தானே வருது."

"பப்பா ஏதாவது சொன்னாரா? ஞாயித்துக்கிழமைலேருந்து வாயே திறக்கல."

"அதுக்கு முன்னாடி மட்டும் ரேடியோ மாதிரி பேசிட்டிருந்தாரா?" என்றாள் ஒத்தாவியா. ஆனால் துண்டில் கை துடைத்து முடித்த பிறகும் துடைத்துக்கொண்டே இருந்தாள்.

எட்டேமுக்காலுக்கு எல்வியோவின் வண்டி வந்து நின்றது. கழுவி மெழுகு போட்ட வண்டி. பக்கவாட்டில் ‘பெரின் அண்ட் சன்ஸ்: அஸ்திவாரமே எங்கள் அந்தஸ்து’ என்று தங்க எழுத்து. இந்த வாசகம் வண்டியில், தொப்பியில், பேனாவில், குளிர்பதனப் பெட்டியில் ஒட்டுகிற காந்தத்தில் எல்லாம் இருக்கிறது. எல்வியோவின் சொந்த வீட்டு வாசலில் இரண்டு கான்கிரீட் சிங்கங்கள் படுத்திருக்கின்றன. அவற்றுக்குக்கூட இரண்டடி அஸ்திவாரம். சிங்கங்கள் எங்கும் எழுந்து போய்விடக்கூடாது என்பதில் அவன் உறுதியாக இருந்தான். ‘சன்ஸ்’ என்று எழுதியிருந்தாலும் முப்பத்தைந்து வருடமாக மகன் ஒருவன்தான். பலகையை மாற்ற யாருக்கும் கை வரவில்லை.

எல்வியோ புது பூட்ஸ் போட்டிருந்தான். ஒரு தொப்பியை எடுத்து அப்பாவின் தலையில் வைத்தான். அவர் அதை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார்.

"போட்டோ எடுக்கப்போறேன் பப்பா. கிளப் பத்திரிகைக்கு."

"எல்வியோ. தோண்டாத."

"நீங்க சும்மா இருங்க. உங்க பேருக்காகத்தான் இதெல்லாம்."

"என் பேரு நல்லாத்தான் இருக்கு. தோண்டாத."

"பப்பா, ஒரு தபால்பெட்டித் தூணுக்கு அஸ்திவாரம் போடலைன்னு நம்மகிட்ட வேலை பாத்த ராஃபேலோ வெச்ச தூணை நீங்க காலால எட்டி உதைச்சது எனக்கு ஞாபகம் இருக்கு. சொந்த வாசலுக்கா போடாம விட்டிருப்பீங்க?"

செவெரினோ எழுந்தார். நாற்காலியைப் பிடித்துக்கொண்டு ஒரு நிமிடம் நின்றார். பிறகு வீட்டைச் சுற்றிக்கொண்டு பின்னால் கீரைப் பாத்திக்குப் போய்விட்டார். யாரும் ஆச்சரியப்படவில்லை. குழி தோண்டுகிற இடத்தில் அவர் நிற்கமாட்டார் என்பது ஊருக்கே தெரியும். டாரியோ போனபின் அவர் செய்த வேலைகளிலெல்லாம், ஆட்கள் குழி தோண்டி, கான்கிரீட் ஊற்றி, அது காய்ந்த பிறகுதான் கரணையை எடுத்துக்கொண்டு வருவார். ‘உண்மையான மேஸ்திரி மண்ணைத் தொடமாட்டார், அதுதான் தரம்’ என்று எல்வியோ கிளப் ஆண்டுவிழாவில் இதைப் பற்றி ஒருமுறை உரையாற்றியிருக்கிறான். கைதட்டல் கிடைத்தது.

நகராட்சியிலிருந்து வந்தவர் பெயர் காலின் பாஸ்கோ. கழுத்தை மறைக்கிற தொப்பி, பழைய சின்னக் கார், கையில் ஒரு கோப்பு, ஒரு பிளாஸ்க். எல்வியோ எதிர்பார்த்தது ஒரு எதிரியை. வந்தது, முதல் காரியமாகப் பிளாஸ்க்கைத் திறந்து தேநீர் குடிக்கிற, முன்பின் தெரியாதவரையும் ‘மேட்’ என்று நண்பராகக் கூப்பிடுகிற மனிதர்.

"அப்பா இருக்காரா? எங்க அம்மா வீட்டுப் புகைபோக்கி அவர் கட்டினதுதான். எழுபத்தெட்டுல. இன்னும் இம்மி ஆடல."

"ஆடாது. கீழே அஸ்திவாரம் இருக்கு," என்றான் எல்வியோ.

"இருக்கும், இருக்கும். இங்க உள்பக்கமா தோண்டிப் பாத்துடலாமா மேட்? வெளிப்பக்கம் வேண்டாம், சாய்மானம் அந்தப் பக்கம்."

"வெளிப்பக்கமே தோண்டுவோம். நாலு பேர் பாக்கட்டும். இந்தச் சுவர் விழாது."

நாலு பேர் என்று அவன் சொன்ன கூட்டம், எதிர்வீட்டு நாய் ஒன்றும், வாசற்படியில் வந்து நின்ற அம்மாவும், வேலியோரம் நின்ற நிவெஸும்தான். எல்வியோ கடப்பாரையைத் தூக்கினான். ஆட்களை வைத்து வேலை வாங்கியே பழகி இருபது வருடம் ஆகிவிட்டதால், முதல் குத்திலேயே கடப்பாரை மண்ணில் எகிறி அவன் முழங்கையை உலுக்கியது. பிப்ரவரி மண். இரும்புக்கும் அதற்கும் பெரிய வித்தியாசமில்லை.

கால்மணி நேரத்தில் கணுக்கால் ஆழம் போனது. சுவரின் கடைசி வரிசைச் செங்கல் தெரிந்தது. அதற்குக் கீழே கான்கிரீட் தெரியவேண்டும்.

மண் தெரிந்தது.

"உள்ள தள்ளிப் போட்டிருப்பார்," என்றான் எல்வியோ. செங்கல்லுக்கு அடியில் கையை விட்டுத் துழாவினான். மணிக்கட்டுவரை போயிற்று. மண் சுருங்கிக் கீழே இறங்கியிருந்ததால் அங்கே ஒன்றுமே இல்லை, வெறும் இடைவெளி. முப்பத்தைந்து வருடச் சுவர் அந்த இடத்தில் காற்றின்மேல் உட்கார்ந்திருந்தது.

"இந்த இடத்துல விட்டிருப்பார். அந்தக் கோடியில பாக்கலாம்."

அந்தக் கோடியிலும் அதேதான். மூன்றாவது குழியை அவன் நடுவில், விரிசலுக்கு நேர் கீழே, யாரும் கேட்காமலே தோண்டினான். முழங்கால் ஆழம். சட்டை முதுகோடு ஒட்டிவிட்டது. தொப்பி எப்போதோ விழுந்து, தங்க எழுத்து மேலே தெரியும்படி மண்ணில் கிடந்தது. நிவெஸுக்கு அண்ணனைப் பார்த்துச் சிரிக்கவேண்டும்போல் நாற்பது வருடமாக ஒரு ஆசை உண்டு. இன்று நல்ல வாய்ப்பு. சிரிப்பு வரவில்லை.

"மேட், போதும்," என்றார் பாஸ்கோ. "மேல ஏறி வாங்க. எல்லாரும் கொஞ்சம் தள்ளி நில்லுங்க, ப்ளீஸ்."

எல்வியோ ஏறி வந்தான்.

"ஆகஸ்ட் வரைக்கும் டைம் குடுங்கன்னு ஒரு வரி எழுதியிருந்தீங்கன்னா குடுத்திருப்போம்," என்றார் பாஸ்கோ, குத்திக்காட்டுகிற குரலே இல்லாமல். "எல்லாரும் அப்படித்தான் எழுதுவாங்க. வந்து தோண்டுங்கன்னு எழுதின முதல் ஆள் நீங்கதான். அந்தக் கடிதத்தை ஆபீஸ்ல எல்லாரும் படிச்சோம்."

"பப்பாவைக் கூப்பிடு," என்றான் எல்வியோ, தங்கையின் முகத்தைப் பார்க்காமல்.

கூப்பிட வேண்டியிருக்கவில்லை. கடப்பாரைச் சத்தம் நின்றதும் செவெரினோ தானாகவே வந்திருந்தார். குழிகளிலிருந்து பத்தடி தள்ளி நின்றார்.

"அஸ்திவாரம் எங்க பப்பா?"

"போடல."

"போடலைன்னா?"

"போடலைன்னா போடல. தோட்டத்துச் சுவருக்கு எதுக்கு அஸ்திவாரம்? கூரையையா தாங்குது?"

எந்த ஆள் இப்படிச் சொல்லியிருந்தாலும் செவெரினோ அன்றைக்கே கணக்கை முடித்து வீட்டுக்கு அனுப்பியிருப்பார். அது அங்கே நின்ற எல்லோருக்கும் தெரியும், நாய் நீங்கலாக.

"முழங்கால் உயரம்னா வேண்டியதில்லதான்," என்றார் பாஸ்கோ மரியாதையாக. "செடி பாத்திக்கு வெக்கிற சுவருன்னா வெறும் மண்ணுலயே வெக்கலாம். நல்ல மண்ணுன்னா இன்னும் ஒரு அடி கூட ஏத்தலாம். இது நெஞ்சு உயரம், செவ். அதுவும் பிஸ்கே. இதெல்லாம் நான் உங்களுக்குச் சொல்றது, பாதிரியாருக்கு ஜெபம் சொல்லிக் குடுக்கிற மாதிரி."

"எனக்குத் தெரியும்."

"தெரிஞ்சும் ஏன் போடல?" எல்வியோவின் குரல் உயர்ந்தது. "ஊருக்கெல்லாம் போட்டீங்க. நான் தெருத்தெருவா உங்க பேரை வண்டியில எழுதிக்கிட்டு சுத்தறேன். சிமெண்டு மிச்சம் பிடிச்சீங்களா? சோம்பலா?"

செவெரினோ கொஞ்சம் யோசித்தார். கொடுக்கப்பட்ட இரண்டு சரக்கில் எது தேவலை என்று பார்க்கிறவர்போல இருந்தது.

"சோம்பல்தான்," என்றார். "வெயில் ஜாஸ்தி. சோம்பல்."

வாசற்படியிலிருந்து ஒத்தாவியா இறங்கினாள். செருப்பில்லாத கால். சுட்டிருக்கும். அவள் கவனித்ததாகத் தெரியவில்லை.

"இன்னொரு தரம் அந்த வார்த்தையைச் சொன்னா நான் இங்கயே உக்காந்துடுவேன்," என்றாள் கணவனிடம். பிறகு மகன் பக்கம் திரும்பினாள். "உனக்கு என்னடா தெரியும்? நீ அப்ப அறைக் கதவைச் சாத்திக்கிட்டுக் கிடந்த. இவளைச் சித்தி வீட்டுக்கு அனுப்பியிருந்தோம். வீட்டுல நாங்க ரெண்டு பேரு."

"ஒத்தாவியா," என்றார் செவெரினோ.

"வாயை மூடுங்க. முப்பத்தஞ்சு வருஷம் மூடியிருந்தீங்களே, இன்னும் அஞ்சு நிமிஷம் மூடுங்க." அவள் சுவரின் அடியைக் காட்டினாள். "கயிறு கட்டினாரு. இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும். நூல் பிடிச்ச மாதிரி. காலைல ஆறு மணிக்குக் கடப்பாரையை எடுத்துட்டுப் போனாரு. ஜன்னல்ல நின்னு பாத்தேன். தலைக்கு மேல தூக்கினாரு. அப்படியே நின்னாரு. எவ்வளவு நேரம்னு தெரியாது, அடுப்புல பால் பொங்கி வழிஞ்சு கருகிப்போச்சு. அப்புறம் மெதுவா, கண்ணாடிச் சாமானை வெக்கிற மாதிரி, கடப்பாரையைக் கீழே வெச்சாரு. மண்ணைத் தொடல."

ஒத்தாவியா நெற்றி வியர்வையைத் துடைத்தாள்.

"மறுநாளும் அதே. மூணாம் நாளும் அதே. மகனை எடுத்த மண்ணுல குத்த முடியல மனுஷனால. நாலாம் நாள் நான்தான் போய்ச் சொன்னேன். தோண்டாதீங்க, மேலயே வெச்சுடுங்க, இரும்பு மாதிரிதானே இருக்குன்னேன். எனக்குச் சுவரைப் பத்தி என்ன தெரியும்? இவருக்குத் தெரியும். இது பிப்ரவரி மண்ணு, நம்பக்கூடாதுன்னு தெரியும். தெரிஞ்சுக்கிட்டே வெச்சாரு."

நிவெஸ் அப்பாவைப் பார்த்தாள். அவர் மடித்த தொப்பியைக் கையில் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தார், அதில் எழுதியிருப்பதை இப்போதுதான் முதல்முறையாகப் படிப்பதுபோல. ஒவ்வொரு ஆகஸ்டிலும் ஒரு கரண்டி கலவையோடு வந்து நின்ற முப்பத்தைந்து காலைகள் அவளுக்கு ஞாபகம் வந்தன. கெட்டிக்காரக் கொத்தனாரின் கிறுக்குத்தனம் என்று அவளும் கிரஹாமும் காரில் போகும்போது சிரித்திருக்கிறார்கள்.

பாஸ்கோ தொப்பியைக் கழற்றினார். கோப்பினை மூடிக் கக்கத்தில் வைத்துக்கொண்டார்.

"நான் பாத்ததைப் பாக்கலைன்னு எழுத முடியாது," என்றார். "நாளைக்கு ஒரு குழந்தை இந்தப் பக்கமா நடந்து போகும். இடிக்கச் சொல்லிப் பதினாலு நாள் நோட்டீஸ் வரும்."

"அதுக்குள்ள ஏதாவது செய்ய முடியாதா?" என்றாள் நிவெஸ். "இடிக்காம?"

"அடியில கான்கிரீட் குடுக்கலாம். ஒரு மீட்டர் நீளத்துக்குத் தோண்டி ஊத்தணும், அடுத்த மீட்டரை விட்டுடணும். அது இறுகினப்புறம் விட்ட இடத்தைத் தோண்டணும். அப்படியே கோடி வரைக்கும். செய்யறாங்க. ஆனா…" அவர் சாய்ந்து நின்ற சுவரைப் பார்த்தார். "மெஷின் விட முடியாது, அதிர்வுல விழுந்துடும். ஒரு ஆள் கையால தோண்டணும். இந்தச் சாய்மானத்துக்கு அடியில, குழிக்குள்ள குனிஞ்சு. முட்டுக் குடுக்கலாம். ஆபத்து குறையும். இல்லாம போகாது."

"முட்டுக் குடுத்துச் செய்வோம்," என்றாள் நிவெஸ். "ஆள் பாக்கலாம், எல்வியோகிட்ட ஆள் இருக்காங்க…"

"இடிச்சிடுங்க," என்றார் செவெரினோ.

"பப்பா."

"நானே பிரிச்சிடறேன். மேல் வரிசையிலேருந்து ஒவ்வொண்ணா எடுத்தா யாருக்கும் ஒண்ணும் ஆகாது. பத்து நாள் போதும்."

"பப்பா, அது அவன் கொத்தின கல்லு."

"கல்லுதான், நிவெஸ்." அவர் குரலில் கோபமில்லை. விலை சொல்கிற குரல். "கல்லைக் காப்பாத்தறதுக்கு ஆளைக் குழியில இறக்கமாட்டேன்."

காலையிலிருந்து அவள் எதற்குப் பயந்தாளோ அது நடந்துவிட்டது. நகராட்சியால் அல்ல, அண்ணனின் வாய்க்கொழுப்பால்கூட அல்ல. அப்பாவே முடிவு செய்துவிட்டார். அதற்கு மேல் முறையீடு இல்லை.

அப்போதுதான் எல்வியோ மறுபடி குழிக்குள் இறங்கினான்.

நடுக்குழி, விரிசலுக்கு நேர் கீழே. ஐம்பத்தெட்டு வயது உடம்பு, புது பூட்ஸ். முழங்காலில் உட்கார்ந்து, தலைக்கு மேல் சுவர் சாய்ந்திருக்க, கடப்பாரையைக் குட்டையாகப் பிடித்துச் செங்கல்லின் அடியில் குத்தத் தொடங்கினான்.

"மேட், வெளிய வாங்க," என்றார் பாஸ்கோ.

"நான் செய்யறேன். ஆள் வேண்டாம்."

"எல்வியோ, ஏறு," என்றார் செவெரினோ.

"நான் செய்யறேன் பப்பா."

குத்து விழும்போதெல்லாம் விரிசலிலிருந்து பழைய பூச்சு பொடிப்பொடியாக அவன் கழுத்தில் உதிர்ந்தது. செவெரினோ ஓரடி எடுத்து வைத்தார். இன்னொரு அடி. குழியின் விளிம்பை நெருங்க நெருங்க அவர் முகம் சாம்பல் நிறமாவதை நிவெஸ் பார்த்தாள். விளிம்பில் வந்து நின்றார். முப்பத்தைந்து வருடத்தில் ஒரு குழியின் விளிம்பில் அவர் நின்றது அதுதான் முதல் முறை.

"ஏறி வாடா."

எல்வியோ நிறுத்தினான். நிமிரவில்லை. மண்ணைப் பார்த்துக்கொண்டே சொன்னான்:

"அன்னைக்கு நான் இறங்கியிருக்க வேண்டிய குழி அது."

அதில் ரகசியம் ஒன்றும் இல்லை. அந்தக் கோடையில் அண்ணன் தம்பி இருவரும் ஒரே காண்டிராக்டரிடம் மாற்றி மாற்றி வேலைக்குப் போனார்கள். அன்று எல்வியோவின் முறை. அவனுக்குக் காய்ச்சல், அதனால் டாரியோ போனான். குடும்பத்தில் அந்த நாளைப் பற்றி இருக்கிற வரலாறு இவ்வளவுதான், இது யார் குற்றமும் இல்லை என்று பாதிரியார் உட்பட எல்லோரும் சொல்லி முடித்தாயிற்று.

"உனக்குக் காய்ச்சல்டா," என்றார் செவெரினோ. "அதுக்கு யார் என்ன பண்ண முடியும். ஏறி வா."

"காய்ச்சல் இல்ல பப்பா." எல்வியோவின் முதுகு மட்டும் தெரிந்தது. மேடையில் பதினோரு நிமிடம் பேசுகிற குரல் அல்ல இது. "நல்லாத்தான் இருந்தேன். கிளெனெல்க் கடற்கரைக்குப் போகணும்னு இருந்தது. ஒரு பொண்ணு வர்றேன்னு சொல்லியிருந்தா. அவளும் வரல."



செவெரினோ மெல்லக் குனிந்தார். வலது கையைக் குழிக்குள் மகனை நோக்கி நீட்டினார். நீட்டிய கையை இழுத்துக்கொள்ளவில்லை.

"ஏறி வா," என்றார். "சுவர் உன் தலைக்கு மேல இருக்கு. முதல்ல ஏறி வா."

எல்வியோ திரும்பி அந்தக் கையைப் பார்த்தான். பிடிக்கலாமா என்று கேட்கிற சின்னப் பையனின் முகம் அந்தப் பெரிய முகத்துக்குள் எங்கிருந்தோ வந்திருந்தது. பிடித்தான். ஏறினான். பாஸ்கோ இன்னொரு தோளைப் பிடித்து இருவரையும் சுவரிலிருந்து தள்ளி நடைபாதைக்குக் கொண்டுவந்து விட்டார். பிறகு, இது தனக்குரிய இடமில்லை என்று உணர்ந்த நல்ல மனிதர் செய்வதுபோல், காரை நோக்கி நடந்தார்.

"இதை அன்னைக்கே சொல்லியிருக்கலாமேடா," என்றார் செவெரினோ. "எப்படி வெச்சிருந்த இத்தனை வருஷம். ஒருத்தருக்கும் தெரியாம."

"எனக்குத் தெரியும்," என்றாள் ஒத்தாவியா.

அவள் இன்னும் சூடான சிமெண்டுத் தரையில் வெறுங்காலோடுதான் நின்றிருந்தாள்.

"தெர்மாமீட்டர் வெச்சுப் பாத்தது நான்தானே. ஒண்ணும் இல்ல. ஒரு நாள் லீவு எடுத்துக்கட்டும், பையன் களைச்சுப் போயிருக்கான்னு நெனச்சேன். சுடுதுன்னு உங்ககிட்ட வந்து சொன்னேன்."

செவெரினோ மகனின் கையை விட்டார். மனைவியைப் பார்த்தார். ஐம்பத்தொன்பது வருடம் கூட வாழ்ந்தவளை, ஏதோ முகவரி விசாரித்து வந்த அயலாளைப் பார்ப்பதுபோலப் பார்த்தார்.

"அப்ப டாரியோவை," என்றார். நிறுத்தினார். உதட்டை ஈரப்படுத்திக்கொண்டார். "அவன் தூங்கிட்டிருந்தானே. அன்னைக்கு அவன் முறை இல்லையே. காலைல அவனை எழுப்பினது யாரு?"

ஒத்தாவியா தன் வலது உள்ளங்கையைப் பார்த்தாள், தூங்குகிற ஒருவனை உலுக்கி எழுப்பிய கையைப் பார்ப்பதுபோல. நிவெஸ் அம்மாவை நோக்கி ஓரடி எடுத்து வைத்தாள். ஒத்தாவியா கையை உயர்த்தி, வராதே என்று அவளை அங்கேயே நிறுத்தினாள்.